ஒப்புகை வாங்காத எட்டு மனுக்கள்

போன வாரம் கேசரியோடு நிறுத்தியிருந்தேன். அனுபுரம் குவார்ட்டர்ஸில் சகுந்தலா நெய்யைத் தாராளமாக ஊற்றிக் கிளறி, பக்கத்து இரண்டு வீட்டுக்கும் கிண்ணத்தில் கொடுத்தனுப்பிய கேசரி. ஹைகோர்ட் உத்தரவு கைக்குக் கிடைத்த சந்தோஷத்தில் செய்தது.

அந்தக் கேசரிக்கும் இப்போது சொல்லப் போகிற நாளுக்கும் நடுவில் எட்டு வாரம் ஓடிவிட்டது. இப்போது அந்தக் கேசரியை நினைத்தாலே எனக்குக் குமட்டுகிறது. ஏன் என்று சொல்கிறேன்.

இந்த வாரம்தான் படிக்க ஆரம்பிக்கிறீர்கள் என்றால், விஷயம் இதுதான். சகுந்தலாவுக்கு செங்கல்பட்டில் ஓர் அரசு அலுவலகத்தில் வேலை. உதவியாளர். எந்தத் துறை என்று எழுத மாட்டேன், எழுதினால் எனக்கும் ஒரு மெமோ வரும். 1994-ல் துறைத் தேர்வுகளை எல்லாம் எழுதிப் பாஸ் செய்தாள். பாஸ் செய்ததை அவளுடைய பணிப்பதிவேட்டில் ஒரு வரி எழுத வேண்டும். எழுதவில்லை. மறந்தார்களா, மறக்க வைத்தார்களா, தெரியாது. அந்த ஒரு வரி இல்லாததால் கண்காணிப்பாளர் பதவி உயர்வுப் பட்டியலில் அவள் பெயர் வரவில்லை. அவளுக்கு நாலு வருடம் பின்னால் சேர்ந்த ராகவன் பெயர் வந்தது. குறிப்பு எழுதத் தெரியாமல் விழித்தபோது "அக்கா, அக்கா" என்று அவள் மேஜையைச் சுற்றி வந்த அதே ராகவன்தான்.

வருகிற மே 31 அவளுக்குக் கடைசி நாள். அவள் கேட்பது ஒன்றே ஒன்று. என் பெயரை எனக்குரிய இடத்தில் எழுதுங்கள், ஒரு நாளாவது கண்காணிப்பாளராக உட்கார்ந்துவிட்டு வீட்டுக்குப் போகிறேன்.

எட்டு மனு கொடுத்தாள். முதல் மனு 95-ல், எட்டாவது 2004-ல். எல்லாம் 'உரிய வழியாக'. அதாவது, தன் அலுவலகத்துத் தபால் மேஜையிலேயே, தன் கையாலேயே. மாவட்டத்தில் எவர் மனுக் கொண்டு வந்தாலும் "நகல்ல சீல் வாங்கிக்கினு போங்க" என்று படித்துப் படித்துச் சொல்கிறவள், தன் மனுவுக்கு மட்டும் ஒரு நாளும் சீல் கேட்கவில்லை. சொந்த ஆபீஸ், பக்கத்து மேஜை, மத்தியானம் சேர்ந்து உட்கார்ந்து டப்பா திறக்கிற ஆட்கள். அவர்களிடம் போய் ஒப்புகை கேட்டால் 'எங்களையே நம்பலியா' என்று முகம் தூக்கிக்கொள்ள மாட்டார்களா? வெளியாள் எவனும் இந்தத் தப்பைச் செய்ய மாட்டான். ஆபீஸை வீடாக நினைக்கிற பைத்தியங்கள்தான் செய்யும்.

எட்டுக்கும் பதில் இல்லை. பிறகுதான் கூடுவாஞ்சேரி வக்கீல் சியாமளா சொல்லி, ஒன்பதாவதைப் பதிவுத் தபாலில் அனுப்பினாள். அதற்கும் பதில் இல்லாமல் போகவே ஹைகோர்ட்டில் ரிட் போட்டாள். கோர்ட் பதவி உயர்வு கொடு என்று சொல்லவில்லை. 'மனுவைப் பரிசீலித்து எட்டு வாரத்துக்குள் பதில் சொல்' என்றது. அவ்வளவுதான். 'இல்லை' என்றும் பதில் வரலாம் என்று சியாமளா அன்றைக்கே எச்சரித்தார். கேசரி கிளறுகிற அவசரத்தில் அது யார் காதிலும் ஏறவில்லை.

எட்டு வாரத்தின் கடைசி நாள், பிப்ரவரி மாதத்துக் கடைசி வெள்ளிக்கிழமை.

அவள் மகன் ஜெயந்த்தும் அதே ஆபீஸில்தான் இருக்கிறான். தேர்வு எழுதிப் போன வருடம் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தவன். மாடியில், இப்போது கண்காணிப்பாளராக இருக்கிற ராகவனுடைய பிரிவில். தினமும் அம்மாவும் பிள்ளையும் திருக்கழுக்குன்றம் வழியாக ஒரே பஸ்ஸில் வருவார்கள். அன்றைக்கு அவன் விடிந்ததும் விடியாததுமாகத் தனியாகக் கிளம்பிவிட்டிருந்தான். வேலை அதிகம் என்று நினைத்துக்கொண்டாள். பிள்ளையைப் பற்றி அம்மாக்கள் வேறு எதைத்தான் நினைப்பார்கள்!

பதினொன்றரைக்கு ராகவன் கூப்பிட்டனுப்பினான்.

"இன்னாம்மா சகுந்தலா, ஹைகோர்ட் வரைக்கும் போய் வந்துட்ட. பெரிய ஆளுதான்."

ஒரு ஜெம் கிளிப்பின் முனையை நிமிர்த்தி, அதால் பல்லைக் குத்திக்கொண்டே பேசினான். உட்காரச் சொல்லவில்லை.

"உத்தரவு ரெடி. மொதல்ல இங்க கையெழுத்துப் போடு. தேதி போடு. டைமும் போடு. நாளைக்கே வரலைன்னு கோர்ட்டுல சொல்லிட்டீன்னா நான் இன்னா பண்றது?"

பல்லைக் குத்திய கிளிப்பாலேயே உத்தரவின் இரண்டு பக்கத்தையும் சேர்த்துக் கோத்து நீட்டினான். சீ! எழுதும்போதே எனக்குக் கை கூசுகிறது. சகுந்தலா கிளிப்பைத் தொடாமல் ஓரத்தைப் பிடித்து வாங்கினாள்.

முதல் பக்கம் முழுக்க எண்களும் தேதிகளும். இரண்டாம் பக்கத்தில் விஷயம் இருந்தது. மனுதாரர் 1995 முதல் எட்டு மனுக்கள் அளித்ததாகக் கூறுவது உண்மையல்ல. அலுவலகத் தபால் பதிவேடுகளை இளநிலை உதவியாளர் திரு. எல். ஜெயந்த் நேரில் சரிபார்த்து, அவ்வாறான வரவு ஏதுமில்லை என எழுத்து மூலம் அறிக்கை அளித்துள்ளார். பதினோரு ஆண்டுகள் வாளாவிருந்துவிட்டு ஓய்வு பெறும் தருவாயில் எழுப்பும் கோரிக்கை ஏற்கத்தக்கதல்ல. நிராகரிக்கப்படுகிறது.

கீழே மாவட்ட அதிகாரியின் கையெழுத்து. ராகவன் விரல் வைக்கிற இடத்தில் எல்லாம் போடுகிற கையெழுத்து அது.

அவள் ஒரு பெயரை மட்டும் மூன்று தடவை படித்தாள்.

"பிரிவுல மூணு கிளார்க் இருக்காங்களே சார்."

"இருக்காங்க. பதிவேட்டைப் பார்க்க எவனை அனுப்பணும்னு முடிவு பண்றது நான்தானே?" ராகவன் சிரித்தான். "நல்லா எழுதுறான் உன் புள்ள. தப்பே இல்ல. யாரோ வூட்டுல நல்லாச் சொல்லிக் குடுத்துகிறாங்க."

பாருங்கள் இந்த அநியாயத்தை. மனு யாருடைய இடத்தைக் கேட்கிறதோ அவனே மனுவைப் பரிசீலிக்கிறான். பொய் சொல்ல ஆள் வேண்டும் என்றதும், மனுக் கொடுத்தவள் வயிற்றில் பிறந்தவனைத் தேடிப் பிடிக்கிறான். இனி அவள் வாயைத் திறந்தால் சொந்தப் பிள்ளையைத்தான் கடிக்க வேண்டும். இதை உட்கார்ந்து யோசித்திருக்கிறான், சம்பளம் வாங்கிக்கொண்டு, ஆபீஸ் நேரத்தில். தூ!

சகுந்தலா ஜெயந்த்தைத் தேடி நேராகப் பின்கட்டுப் பதிவறைக்குப் போனாள்.

பதிவறையில் எப்போதும் பெருச்சாளி நாற்றம் அடிக்கும். அன்றைக்கு ஃபினாயிலும் சேர்ந்திருந்தது. கடைநிலை ஊழியர் செங்கம்மாள் பழைய பதிவேடுகளை இறக்கிப் போட, ஜெயந்த் தரையில் உட்கார்ந்து சணல் கயிற்றால் கட்டிக்கொண்டிருந்தான். அம்மாவைப் பார்த்ததும் கயிறு கையிலேயே நின்றுவிட்டது.

"இன்னாம்மா, மூஞ்சி ஏன் இப்டி கீது?" என்றாள் செங்கம்மாள். "புள்ளையும் காத்தாலருந்து நாஸ்தா கூட துண்ணாம குந்திகினுகீது. வூட்டுல எதுனா பேஜாரா?"

சகுந்தலா உத்தரவை ஜெயந்த் முன்னால் போட்டாள்.

"நீ பதிவேட்டைப் பார்த்தியா, இல்லியா?"

"அம்மா, சத்தம் போடாத."

"பார்த்தியாடா?"

"பார்த்தேன்."

"என் மனு அதுல இருந்துச்சா?"

அவன் கட்டி முடித்த கட்டுகளைப் பார்த்தான்.

"எத்தினி இருந்துச்சு?"

"எட்டும்."

எட்டும் இருந்தன. தேதி, வரிசை எண், 'பதவி உயர்வு கோருதல்' என்று பொருள், எல்லாம். பதினோரு வருடமாக அவள் நம்பியவர்கள் மோசம் செய்யவில்லை, தபால் மேஜைக்காரர்கள் ஒழுங்காகத்தான் எழுதியிருந்தார்கள். அதை இல்லை என்று எழுதிக் கொடுத்தது அவள் பெற்ற பிள்ளை.

"ராகவன் சார் டைப் அடிச்சே வச்சிருந்தாரும்மா. நான் கையெழுத்து மட்டும்தான் போட்டேன். ஜூன்ல எனக்கு ப்ரொபேஷன் முடியுது. 'வேலை திருப்தியில்லை'ன்னு அவரு ஒரு வரி எழுதினா நான் வூட்டுக்குப் போகணும். அனு வூட்டுல கவர்மெண்ட் வேலைன்னுதான் பொண்ணு குடுக்குறாங்க. நிச்சயம் முடிஞ்சு பத்திரிகை அடிக்கிற நேரத்துல..."

"வாந்தி வருதுடா எனக்கு."

"அம்மா..."

"உன்னைப் பார்த்தா வருது. அவனைப் பார்த்தப்போ கூட வரல."

செங்கம்மாளுக்கு அப்போதுதான் விஷயம் புரிந்தது. அவள் ஜெயந்த்தை ஒரு பார்வை பார்த்துவிட்டு, சகுந்தலாவின் காதருகே வந்தாள்.

"திங்கக்கெழம பேப்பர் மில்லு லாரி வருதும்மா. இதெல்லாம் கூழாக்கப் போவுது. சாவி எங்கிட்டதான் கீது. அதுல ரெண்டு மூணு பொஸ்தகத்த பொடவைல சுத்தி எட்த்துகினு போய்டு. நான் ஒண்ணியும் பாக்கல."

"ரெண்டாயிரத்து நாலு பதிவேட்டையுமா கழிக்கிறாங்க? ரெண்டு வருஷம் கூட ஆகலியே."

"லிஸ்டுல எய்திட்டா கழிக்க வேண்டியதுதான். லிஸ்டு ராகவன் சாரு எய்தினது."

ஒரு நிமிஷம் சகுந்தலாவின் கை முந்தானைக்குப் போனது உண்மை. பிறகு எடுத்துவிட்டாள்.

"வேணாம் செங்கம்மா. நான் எடுத்தா திருடின்னு கேஸ் போடுவாங்க. உன் வேலையும் போவும். அப்புறம் அதுல இருக்குறதெல்லாம் நானே வூட்டுல குந்தி எழுதினதுன்னு சொல்லுவான். கோர்ட்டே கேட்டு வாங்கணும்."

"கோர்ட்டு திங்கக்கெழமைக்குள்ள கேக்குமா?"

சகுந்தலா நாள் கணக்குப் போட்டுப் பார்த்தாள். தகவல் உரிமைச் சட்டம் வந்துவிட்டது என்று எல்லோரும் சொல்கிறார்கள். அதில் கேட்டால் முப்பது நாள். லாரிக்கு மூன்று நாள்.

வாசலைத் தாண்டும்போது ஜெயந்த் பின்னாலிருந்து சொன்னான்.

"அப்பாதாம்மா போடச் சொன்னாரு."

அவள் திரும்பவில்லை. ஆனால் நின்றாள்.

"செவ்வாய்க்கிழமையே அவர்கிட்ட கேட்டேன். 'போட்டுடு, அம்மாகிட்ட நான் சொல்லிக்கிறேன்'னாரு. சொல்லலியா?"

செவ்வாய்க்கிழமை! அன்றைக்கு ராத்திரி வீட்டில் வத்தக்குழம்பு. புதன்கிழமை அவரைக்காய் சாம்பார். நேற்று மூன்று பேரும் வட்டமாக உட்கார்ந்து, 'நாளையோட கெடு முடியுது, பார்க்கலாம்' என்று இவள் சொல்லச் சொல்ல, அப்பனும் பிள்ளையும் தலையாட்டிக்கொண்டே சாதம் பிசைந்திருக்கிறார்கள்.

அவள் கணவர் லட்சுமணனுக்கு அணுமின் நிலையத்தில் டெக்னீஷியன் வேலை. அந்த வாரம் ராத்திரி ஷிப்ட், அதனால் பகலில் வீட்டில் இருந்தார். மாடிப்படிக்குக் கீழே நின்று சகுந்தலா செல்போனில் கூப்பிட்டாள்.

"இன்னாங்க, ஆர்டர் வந்துடுச்சு."

மறுமுனையில் அவர் மின்விசிறியை நிறுத்துகிற சத்தம் கேட்டது.

"தெரியும்," என்றார். "திட்டுறதா இருந்தா என்னைத் திட்டு. பையனை ஒண்ணும் சொல்லாத. போடச் சொன்னது நான்தான்."

"என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லணும்னு தோணலியா உங்களுக்கு?"

"சொன்னா நீ விட மாட்ட."

"நாலு நாளா என் கையால போட்டுச் சாப்பிட்டீங்க."

"சாப்பிடாம இன்னா பண்றது?" லட்சுமணனுக்குக் கோபம் வந்துவிட்டது. தப்பு செய்தவர்களுக்குத்தான் சீக்கிரம் வரும். "இதைக் கேளு சகுந்தலா. நீ மூணு மாசத்துல வூட்டுக்கு வரப் போறவ. அவன் முப்பது வருஷம் அங்க குப்பை கொட்டணும். ஒரு சீட்டுதான் இருக்குன்னா யாரை ஏத்தி விடுவ? நீயே சொல்லு. அந்த நாற்காலியில குந்தினா உனக்கு இன்னா கொம்பா முளைக்கப் போவுது?"

"நான் பொய் சொல்றேன்னு எழுதியிருக்காங்க. மனுவே குடுக்காம கோர்ட்டுக்குப் போனேன்னு. கையெழுத்து என் புள்ளையோடது."

"ஒரு பேப்பர்தானே. விட்டுத் தொலை."

"என்னை விட்டுத் தொலைச்சிட்டீங்க. சரி."

போனை வைத்துவிட்டாள். நியாயம் என்ன என்று லட்சுமணனுக்குத் தெரியாமல் இல்லை. நல்ல மனிதர் என்றுதான் குவார்ட்டர்ஸில் பெயர். ஒரு மனுஷியின் முப்பத்திரண்டு வருட வேலையை 'கொம்பா முளைக்கப் போவுது' என்று கேட்டுவிட்டு நிம்மதியாகக் குப்புறப் படுத்துத் தூங்க இந்த நல்ல மனிதர்களால்தான் முடியும்.

மத்தியானம் அரை நாள் லீவு எழுதிக் கொடுக்க மாடிக்குப் போனாள். ஜெயந்த்தின் நாற்காலியில் அவன் பை தொங்கியது, ஆள் இல்லை. பதிவறையிலும் இல்லை.

"அப்பவே கேட்டத் தாண்டி மெயின் ரோட்டுப் பக்கமா போச்சும்மா," என்றாள் செங்கம்மாள். "கூப்ட்டேன், திரும்பிக்கூட பாக்கல."

போன் போட்டாள். அணைத்து வைத்திருந்தான். பையை எடுத்துக்கொள்ளலாமா என்று யோசித்தாள். அவன் வந்து தேடுவான் என்று அங்கேயே விட்டுவிட்டு ரயில்வே ஸ்டேஷனுக்கு நடந்தாள்.

வக்கீல் சியாமளா கூடுவாஞ்சேரியில் வீட்டின் முன்னறையையே ஆபீஸாக வைத்திருக்கிறார். ஹைகோர்ட்டிலிருந்து மின்சார ரயிலில் திரும்பி வர ஆறு மணி ஆனது. அதுவரை சகுந்தலா பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். இரண்டு தடவை போன் போட்டுப் பார்த்தாள். இன்னும் அணைத்துதான் இருந்தது.

சியாமளா உத்தரவைப் படித்தார். முடித்ததும் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டார்.

"இப்படித்தான் வரும்னு நினைச்சேன். இருந்தாலும் இவ்வளவு அசிங்கமா வரும்னு நினைக்கலை. பதிவேட்டுல மனு இருக்குன்னு உங்களுக்கு உறுதியாத் தெரியுமா?"

"தெரியும் மேடம். எட்டும் இருக்கு. பார்த்தவங்களே சொன்னாங்க. ஆனா திங்கக்கிழமை லாரியில ஏத்துறாங்க."

"அப்போ நாளைக்கும் நாளான்னைக்கும் உட்கார்ந்து எழுதிடணும். இந்த உத்தரவை ரத்து பண்ணச் சொல்லிப் புது ரிட். கூடவே பதிவேடுகளை அழிக்கக் கூடாது, கோர்ட்டுல கொண்டு வந்து வைக்கணும்னு ஒரு மனு. திங்கட்கிழமை காலையில ஜட்ஜ்கிட்ட அவசரம்னு சொன்னா மத்தியானமே எடுத்துப்பாங்க. லாரி எத்தனை மணிக்கு?"

"தெரியல மேடம்."

"சாயங்காலமா வரட்டும்னு வேண்டிக்குங்க." சியாமளா ஒரு வெள்ளைத் தாளை எடுத்தார். "ஆனா ஒண்ணு. இந்தத் தடவை பதில் சொல்லலைன்னு கேஸ் இல்லை. பதிலே பொய்ன்னு கேஸ். ஒருத்தர் பொய்யா எழுதிக் கொடுத்தார்னு நாம சொன்னா, அவரைப் பேர் போட்டு எதிர்மனுதாரரா சேர்க்கணும். அவருக்குப் பதில் சொல்ல வாய்ப்புக் கொடுக்காம எந்த ஜட்ஜும் கேட்க மாட்டாங்க. அதிகாரி ஒண்ணு. ராகவன் ரெண்டு. இந்த கிளார்க் மூணு."

"அந்த கிளார்க்கை விட்டுட முடியாதா மேடம்?"

"விட்டா அவர் அறிக்கை அசையாம நிக்கும். நீங்க மனுவே கொடுக்கலைன்னு ஆயிடும்."

"சேர்த்தா அவனுக்கு இன்னா ஆகும்?"

'அவனுக்கு' என்றதை சியாமளா கவனிக்கவில்லை. எழுதிக்கொண்டே சொன்னார்.

"பொய்ன்னு தெரிஞ்சா? ப்ரொபேஷன்ல இருக்கிற ஆளா இருந்தா வேலை போனாலும் போகும். மிரட்டித்தான் வாங்கினாங்கன்னு அவரே கோர்ட்டுல வந்து உண்மையைச் சொன்னா தப்பிக்கலாம். ராகவன் மாட்டுவார். ஆனா இந்த மாதிரி பயந்தாங்கொள்ளிங்க எங்கே வந்து சொல்றது? பாவம்னு பார்க்காதீங்கம்மா. உங்க முப்பத்திரண்டு வருஷத்தை ஒரு கையெழுத்துல துடைச்ச ஆளு."

சகுந்தலா மேஜை மேல் இருந்த தண்ணீரை எடுத்துக் குடித்தாள். டம்ளரை வைத்த பிறகும் கையை எடுக்கவில்லை.

சியாமளா படித்துக்கொண்டே எழுதினார். "மனுதாரர், சகுந்தலா, கணவர் பெயர் லட்சுமணன், வயது ஐம்பத்தேழு, அனுபுரம் குவார்ட்டர்ஸ்..." அதெல்லாம் பழைய ஃபைலிலேயே இருந்தது. அதிகாரியை எழுதினார். ராகவனை எழுதினார். "மூணாவது எதிர்மனுதாரர், எல். ஜெயந்த். அப்பா பேர் தெரியுமா? தெரியலைன்னா பரவாயில்லை, உத்தியோகத்தைப் போட்டு ஆபீஸ் விலாசமே கொடுத்துடலாம்."

தெரியாது என்று சொல்லியிருக்கலாம். ஒரு தலையாட்டல் போதும். அந்த வக்கீலுக்குத் திங்கட்கிழமை வரை ஒன்றும் தெரிந்திருக்காது. பதினோரு வருடமாகத் தனக்கு யாரும் உண்மையைச் சொல்லவில்லை என்றுதானே இவள் கோர்ட்டுக்குப் போகிறாள்.

"தெரியும் மேடம். எழுதிக்குங்க," என்றாள். "லட்சுமணன்."

சியாமளா எழுதினார். எழுதிய பிறகு அவர் கண் தாளின் மேல் பக்கம் போனது. திரும்பக் கீழே வந்தது. பேனா அப்படியே நின்றது.

"அம்மா..."

"விலாசமும் சொல்லிடுறேன். எனக்கு எழுதினீங்களே, அதேதான்."

"யோசிச்சுத்தான் சொல்றீங்களா? நோட்டீஸ் உங்க வீட்டுக்குத்தான் வரும். யார் வாங்குவாங்க?"

சகுந்தலா மடியில் இருந்த போனைப் பார்த்தாள். யாரும் கூப்பிட்டிருக்கவில்லை.

"அவன்தான் வாங்கணும் மேடம்," என்றாள். "வூட்டுக்கு வந்தா."